பத்து மீட்டர் ஆழத்தில் மறந்த கணக்கு

நான் வேதியியல் டீச்சர். அழுத்தம் பாதியானால் வாயுவின் கன அளவு இரு மடங்காகும் என்ற கணக்கை எத்தனையோ முறை போர்டில் போட்டிருக்கிறேன்.

போன வருடம் வண்டூர் கடலில் முதல்முறையாக டைவிங் போனேன். பத்து மீட்டர் ஆழத்தில் முகக்கண்ணாடிக்குள் தண்ணீர் புகுந்தது. உயிர் பயத்தில் மூச்சை இறுக அடக்கிக்கொண்டு மேலே போகக் காலை உதைத்தேன். நெஞ்சு விம்மிப் புடைத்தது. கூட வந்த பயிற்சியாளர் ஸ்டெல்லா என் காலைப் பிடித்து நிறுத்தினாள். தன் வாயிலிருந்து குமிழிகளை விட்டுக் காட்டினாள். நானும் மூச்சை விட்டேன்.

படகில் ஏறியதும் முகக்கண்ணாடியைக் கழற்றி வைத்தேன்.

"அரே அக்கா, மூச்ச அடக்கிட்டு மேல வந்தா உள்ள இருக்க காத்து டபுளாயிரும். நுரையீரல் கிழிஞ்சிரும்," என்றாள் ஸ்டெல்லா. "நீங்க என்ன வேல பாக்கீங்க?"

"ஆபீஸ்ல," என்றேன்.

செத்துப் பிழைத்ததைவிட அந்தப் பதில்தான் இன்னும் என்னை உறுத்துகிறது.