சட்டையில் விழுந்த முகம்

பிள்ளைகளே, அப்பா ஊரறியக் கத்தினேன் என்று கேள்விப்பட்டிருப்பீர்கள். ஏன் என்று நானே சொல்கிறேன்.

நம் கண்ணாடிக் கடையில் ஒரு பெண், வெளிச்சம் ஊடுருவும் சொரசொரப்பான கண்ணாடித் தகடுகள் வாங்கினார். அவருடையது வீட்டில் சௌராஷ்டிர மொழி பேசும் நெசவுக் குடும்பம். தான் யார் என்று தேடி அவர் எடுத்த படம், திரைக்குப் பதிலாக, ஒன்றன்பின் ஒன்றாக நிறுத்திய அந்தக் கண்ணாடிகளில் ஓடியது. இறந்துபோன அவருடைய அப்பா முன்கண்ணாடியில் தன் மொழியில் பேசினார். பின்கண்ணாடியில் மகளின் முகம்.

படம் ஓடிய மண்டபத்துக்கு நானும் போயிருந்தேன். அங்கே வந்த ஒரு வெள்ளைச் சட்டைக்காரர், “என்னம்மா பாஷை இது? ஒங்க ஊருல போயிப் பேசு” என்றார்.

“இதாண்ணே எங்க ஊரு. அப்பா பொறந்ததும் மதுரையிலதான்” என்றார் அந்தப் பெண்.

“வாயப் பாரு!” என்று முன்கண்ணாடியைத் தள்ளினார். அது நொறுங்கியது. அவர் படக்கருவியின் ஒளிக்குக் குறுக்கே நின்றதால் அந்தப் பெண்ணுடைய அப்பாவின் முகம் அவர் சட்டையில் விழுந்து பேசியது. தட்டித் துடைத்துப் பார்த்தார்; போகவில்லை.

“எம்புட்டுத் தொடச்சாலும் அந்த மனுசன் போகமாட்டாருய்யா! நீ வெளிய போ!” என்று கத்தினேன். போய்விட்டார்.

மறுநாள் காலையில், உடைந்ததற்குப் பதிலாகக் கடையில் தனியாகப் புதுக் கண்ணாடி வெட்டினேன். கை நடுங்கிக் கோடு கோணியது, கண்ணாடி வீணானது. தண்ணீர் குடித்தேன். கோபம் தணியவில்லை. நடுக்கம் மட்டும் நின்றதும், இன்னொன்றை எடுத்து நேராக வெட்டினேன்.