தாய்லாந்துத் தோழர்

மொன்றியலில் நடக்கும் தமிழ்க் கூட்டங்களில் அருமைநாதனைத் 'தாய்லாந்துத் தோழர்' என்றுதான் அழைப்பார்கள். அந்தப் பட்டத்தைக் கேட்டாலே அவருடைய மனைவி யோகராணிக்குப் பற்றிக்கொண்டு வரும். கனடாவுக்கு வருகிற வழியில், ஆட்களைக் கள்ளமாக ஏற்றி அனுப்பும் ஏஜென்சிக்காரன் அவரை பாங்கொக்கில் ஓர் அறைக்குள் சில மாதம் அடைத்து வைத்திருந்தான். பொலிஸுக்குப் பயந்து ஜன்னல் சீலையைக்கூட விலக்காமல், நூடில்ஸ் ஊறவைத்துத் தின்றுகொண்டு கிடந்தார் மனிதர். தாய்லாந்தில் அவர் கண்ட புரட்சி அவ்வளவுதான்.

மேடையில் ஏறினால் கதையே வேறு. எழுபத்தாறில் சோசலிசக் கட்சிப் பொதுச் செயலாளரை வீடு திரும்பும் வழியில் சுட்டது, அதே ஆண்டில் பல்கலைக்கழகத்துக்குள் மாணவர்களைக் கொன்றது, தப்பியவர்கள் காட்டுக்குப் போய்க் கம்யூனிஸ்டுகளோடு சேர்ந்தது, பிறகு பொதுமன்னிப்பு வந்து காடு வெறிச்சோடியது என்று கூடவே நின்றவர் மாதிரி அளப்பார். இப்போதைய கட்சிகளைப் பற்றிக் கேட்டால் உதட்டைப் பிதுக்குவார். தேர்தலில் அதிக இடங்களை வென்றும் நீதிமன்றத்தால் கலைக்கப்பட்ட செம்மஞ்சள் நிறக் கட்சி அவருக்கு இடதுசாரிக் கட்சியே அல்ல. "அது நடுத்தர வர்க்கத்துப் பொடியளின்ர விளையாட்டு" என்பார்.

தாய்லாந்துக் கிராமங்களில் இருப்பது நிலப்பிரபுத்துவமா இல்லையா என்ற சண்டையில் அவருடைய அரசியல் வட்டம் மொன்றியலின் வில்லரே பகுதியில் ஒரு சமையலறைக்குள் இரண்டாக உடைந்தது. இவ்வளவு தீவிரமான மனிதர் வேலை செய்த தையல் தொழிற்சாலையில் ஒருமுறை வேலைநிறுத்தம் வந்தது. தோழருக்கு அன்றைக்கென்று முதுகு நோவு வந்துவிட்டது.

யோகராணிக்குத் தெரிந்த தாய்லாந்து பிம் என்ற பெண்தான். டோர்வலில் விமானங்களுக்குச் சாப்பாடு கட்டும் கூடத்தில் யோகராணிக்குப் பக்கத்தில் நின்று தட்டுகளை மூடுகிறவள். பிம்மின் தம்பி தோன் அந்தச் செம்மஞ்சள் கட்சிக்காக வீடு வீடாக வாக்குக் கேட்டவன். அரச குடும்பத்தைப் பற்றி முகநூலில் எழுதினான் என்று பிடித்து அடைத்துவிட்டார்கள். பிணை கேட்டு உண்ணாவிரதம் இருந்து, இப்போது சிறை மருத்துவமனையில் கிடக்கிறான். இங்கே கனடாவில் தன் தொகுதி எம்.பி. வாய் திறந்தால் ஏதாவது நடக்கும் என்று பிம் நம்பினாள். சனிக்கிழமை அவருடைய அலுவலகத்துக்குப் போக வேண்டும். தனியே போனால் யார் மதிப்பார்கள்? கூட நிற்க ஆட்கள் வேண்டும்.

யோகராணி புருஷனிடம் கேட்டாள். வேறு யாரிடம் கேட்பாள்? தாய்லாந்துத் தோழர் வீட்டுக்குள்ளேயே இருக்கிறாரே.

"கூட்டம் ஒண்டு வைப்பம். அந்தப் பொடியனின்ர படத்தை அனுப்பச் சொல்லும்," என்றார்.

"கூட்டத்தில சனிக்கிழமை அலுவலைச் சொல்லுவியளோ?"

"ஓம், ஓம். நீர் வடையைப் பாரும்."

அதற்கு முந்திய ஞாயிறு பின்னேரம் வேலை முடிந்து, பஸ் பிடித்து, இரண்டு பெண்களும் கோட்-டெ-நெய்ஜ் மண்டபத்துக்குள் நுழைந்தபோது எல்லோரும் எழுந்து தலை குனிந்து நின்றுகொண்டிருந்தார்கள். மேடையில் தோனின் படம் பெரிதாக இருந்தது. அதற்குச் சிவப்பு மாலை. முன்னால் குத்துவிளக்கு எரிந்தது. செத்தவர்களுக்கே கூட்டம் வைத்துப் பழகிய கூட்டம் அது. படத்தைக் கண்டதும் கை தானாக மாலைக்குப் போயிருக்கிறது. ஆள் இருக்கிறானா இல்லையா என்று ஒருவரும் யோசிக்கவில்லை.

பிம்மின் நாட்டிலும் மாலை போட்ட படத்துக்கு முன்னால் விளக்கு எரிந்தால் அர்த்தம் ஒன்றுதான். அவள் யோகராணியின் கையை இறுக்கிப் பிடித்தாள்.

"எப்போது?" என்று இருவருக்கும் தெரிந்த அரைகுறைப் பிரெஞ்சில் கேட்டாள். "எப்போது செத்தான்? எனக்கு ஏன் சொல்லவில்லை?" கடைசி வார்த்தை அலறலாகவே வந்தது.

ஒலிவாங்கிக்கு முன்னால் நின்ற அருமைநாதன் ஒரு கண்ணைத் திறந்தார். "தயவுசெய்து அமைதி. அகவணக்கம் இன்னும் முடியேல்லை."

யோகராணி பிம்மைக் கதிரையில் இருத்தி, "அவன் இருக்கிறான், இவர்கள் மடையர்கள், அம்மாவுக்குப் போன் எடு," என்றாள். அங்கே விடியாத நேரம். பிம்மின் தாய் போனை எடுத்து, மகன் உயிரோடு இருக்கிறான் என்று சொன்னாள். அதற்குள் யோகராணி மேடையில் ஏறி மாலையைப் பிய்த்தெறிந்திருந்தாள்.

"இவன் சாகேல்லை. இந்தப் பிள்ளையின்ர தம்பி. சனிக்கிழமை எம்.பி.யிட்ட இவவோட ஆர் வாறியள்?"

வட்டத்துக் கணேசலிங்கம், தன் பிள்ளைக்கு அன்றைக்கு நீச்சல் வகுப்பு என்றார். இன்னொருவர், அந்தக் கட்சி உண்மையான இடதுசாரிதானா என்று வட்டம் முதலில் முடிவெடுக்க வேண்டும் என்றார். மற்றவர்கள் வடைத் தட்டைப் பார்த்தார்கள். யோகராணிக்கு இவர்களோடு கோபப்படுவதே வீண் என்று தோன்றியது. குப்பை.

அருமைநாதன் இறங்கி வந்து பிம்முக்கு முன்னால் கை கூப்பினார். குரலில் உண்மையான பாசம் இருந்தது.

"ஏன் இப்பவே அவசரப்படுறியள்? பேந்து தம்பிக்கு ஏதும் நடந்தால் சொல்லட்டும். பெரிய மண்டபம் எடுத்துச் செய்வம்."

"அவர் என்ன சொல்கிறார்?" என்று பிம் கேட்டாள். அழுத முகத்தில் இன்னும் கொஞ்சம் நம்பிக்கை மிச்சம் இருந்தது.

அதை எந்தப் பாஷையில் சொல்வது? யோகராணிக்கு வெட்கத்தில் காது சுட்டது. "சனிக்கிழமை நான் வருவேன்," என்று மட்டும் சொன்னாள்.

பிம் மண்டபத்தை ஒருமுறை சுற்றிப் பார்த்தாள்.

"நாங்கள் இரண்டு பேர் மட்டுமா?"