முதுகைக் காட்டாதவர்

போர்ட் பிளேரில் நான் கப்பல் டிக்கெட் கொடுக்கும் வேலையில் இருந்தபோது, மரக்கிடங்குக் காவல்காரர் ஒருவர் கப்பல் வரும் நாளெல்லாம் துறைமுகத்துக்கு வந்துவிடுவார். நல்ல உயரம், நரைத்த மீசை. சுவரோடு முதுகை ஒட்டி நின்று, இறங்குகிற ஒவ்வொரு முகத்தையும் பார்ப்பார். யாருக்கும் முதுகைக் காட்டமாட்டார். மெயின்லேண்டில் ஒருவனைக் கொன்று ஜெயிலில் இருந்துவிட்டு வந்தவர் என்பது எல்லோருக்கும் தெரியும்.

ஒருநாள், கப்பல் ஆட்டத்தில் வாந்தி எடுத்துத் துவண்டுபோன இளைஞன் ஒருவனைத் தோளில் தாங்கியபடி என் கவுண்டருக்கு வந்தார். அவன் இடுப்பில் கத்தி துருத்திக்கொண்டிருந்தது.

"பாபு, இவருக்குத் திரும்புற ஜஹாஸ்ல ஒரு சீட்டு போடுங்க."

"யார் இவர்?"

"நான் கொன்னவனோட தம்பி. என்னையக் கொல்ல வந்திருக்காப்ல. கொன்னுட்டு எப்படி ஊர் போய்ச் சேர்றதுன்னு யோசிக்கவே இல்ல."

இந்தக் கப்பலில் இடமில்லை, அடுத்த கப்பலுக்கு மூன்று வாரம் ஆகும் என்றேன். இளைஞன் தலையில் கைவைத்து உட்கார்ந்துவிட்டான். அந்த மூன்று வாரமும் அவனுக்குச் சோறு போட்டவர் காவல்காரர்தான். தூக்கம் கெட்டது எனக்கு.

கப்பல் புறப்படும் நாளில் அவனுடைய டிரங்குப் பெட்டியைத் தலையில் சுமந்துகொண்டு அவர் முன்னால் நடந்தார். அன்றுதான் அவர் முதுகைப் பார்த்தேன். பின்னால் வந்தவனின் கை இடுப்புக்குப் போனது. மடியிலிருந்து அவன் டிக்கெட்டை எடுத்தான்.

கப்பல் நகர்ந்ததும் அவர் மறுபடி சுவரோடு ஒட்டி நின்றார்.

"இவருக்குக் கீழ இன்னும் ரெண்டு தம்பி இருக்காகளாம் பாபு. திரும்புற சீட்டு எப்பவும் ஒண்ணு எடுத்து வைங்க."

அப்படி ஒதுக்கி வைக்க ஆபீசில் விதி கிடையாது. நான் அங்கே இருந்தவரைக்கும் ஒதுக்கி வைத்தேன்.