காலி நாற்காலிக்கு வெள்ளைத் துண்டு

அரசு மருத்துவக் கல்லூரியில் அனாட்டமி நடத்துகிறவருக்கு மேஜையில் கிடக்கும் பிணத்தைப் பார்த்துப் பயம் கிடையாது. ஆளில்லாமல் கிடக்கும் நாற்காலியைப் பார்த்தால்தான் பயம். நாலு பேர் வேலையை ஒண்டியாகச் செய்யும் சக பாவிகளே, உங்களுக்கு இது புரியும்.

லீவு

எங்கள் துறையில் ஆசிரியர் பணியிடம் நான்கு. மற்றவர்கள் ஓய்வுபெற்றும் மாற்றலாகியும் போக, மிஞ்சியது நான். பாடம் நடத்துவதும் நானே, துறைத் தலைவராக எனக்கு மெமோ அனுப்புவதும் நானே, அதற்குப் பயந்து பதில் எழுதுவதும் நானே.

மகள் கல்யாணத்துக்குக் கேட்ட லீவு கிடைக்கவில்லை. நல்லவேளை, முகூர்த்தம் ஞாயிற்றுக்கிழமை. திங்கட்கிழமை மறுவீட்டு விருந்தில் சம்பந்தி வீட்டார் என்னைத் தேடியபோது நான் மாணவர்களுக்குக் கல்லீரலைக் காட்டிக்கொண்டிருந்தேன். எங்கள் டீன் நல்ல மனிதர், அறுவை சிகிச்சை நிபுணர். சமாதானம் சொல்ல அவரே வந்தார். "கோவிச்சுக்காதீங்க மேடம். போஸ்ட் நிரம்பட்டும், நீங்க கேக்கிற லீவுல அன்னிக்கே கையெழுத்துப் போடறேன்."

துண்டு

போஸ்ட் நிரம்ப வேறு வழி தெரியாமல் உயர் நீதிமன்றத்தில் வழக்குப் போட்டேன். என் வக்கீல், பூந்தமல்லி ஷாநவாஸ், காலி நாற்காலிகளைப் படமெடுத்து அனுப்பச் சொன்னார். மறுநாள் படமெடுக்கப் போவதாக எங்கள் அட்டெண்டர் ஏழுமலையிடம் சொல்லிவைத்தேன். காலையில் வகுப்புக்கு ஓடுகிற அவசரத்தில் வாசலில் நின்றே எடுத்து, சரியாகப் பார்க்காமல் அனுப்பியும்விட்டேன்.

கோர்ட்டில் அரசு வக்கீல் அந்தப் படத்தைத் தூக்கிக் காட்டினார். மூன்று நாற்காலியிலும் சலவை செய்த வெள்ளைத் துண்டு. மேஜையில் மூடி போட்ட தண்ணீர் டம்ளர். அதிகாரிகள் டீ குடிக்கப் போயிருக்கிறார்கள், அவ்வளவுதான் என்றார் அவர். எனக்கு மானமே போயிற்று. திரும்பி வந்து ஏழுமலையைப் பிடித்துக் கத்தினேன். ஆவடிக்காரர் அசரவில்லை. "போட்டோ எடுக்கப் போறேன்னு நீங்கதான மேடம் சொன்னீங்கோ? ஆபீசர் சீட்டு மொட்டையா கீதேன்னு எங்க ஊட்லேந்து துண்டு எட்தாந்து போட்டேன்."

வேன்

அடுத்து, கல்லூரி அங்கீகாரத்துக்காக நடந்த இன்ஸ்பெக்‌ஷனில் துறை நிரம்பியிருந்ததே என்றது அரசுத் தரப்பு. இன்ஸ்பெக்‌ஷன் மகிமை உங்களுக்குத் தெரியாததா? அன்றைக்கு மட்டும் வேறொரு கல்லூரியிலிருந்து மூன்று பேரை வேனில் ஏற்றி வந்து எங்கள் நாற்காலிகளில் உட்காரவைத்தார்கள். அடுத்த வாரம் அவர்கள் கல்லூரியில் இன்ஸ்பெக்‌ஷன். அதே வேனில் என்னைக் குத்தம்பாக்கம் தாண்டிக் கொண்டுபோய் அங்கே ஒரு நாற்காலியில் வைத்தார்கள்.

ஷாநவாஸ் இதைக் கோர்ட்டில் போட்டு உடைத்தார். நீதிபதி கண்ணாடியைக் கழற்றிவிட்டு என்னைப் பார்த்தார். "காலியிடம் இருக்குன்னு கேஸ் போட்ட அம்மாவே, இன்னொரு காலேஜ் காலியிடத்தை நிரப்பிட்டு வந்திருக்காங்களா?"

புது டாக்டர்

கேலி செய்தாலும், பணியிடங்களைச் சீக்கிரம் நிரப்பச் சொல்லி உத்தரவு போட்டார். வழக்கு இவ்வளவு தூரம் வருவதற்குள், மகள் தலைப்பிரசவத்துக்கு வானகரத்தில் எங்கள் ஃபிளாட்டுக்கே வந்துவிட்டாள். சமையல் என் கணவர் பொறுப்பு. அவர் வைத்த ரசத்தின் வாசனைக்கே அவளுக்குக் குமட்டியது. பிரசவத்தின்போது நான் அவள் பக்கத்தில் இருக்க வேண்டும். மறுவீட்டு விருந்தைப் போல இதையும் கோட்டைவிட்டால் என்னால் தாங்க முடியாது.

அரசாங்கம் மூன்றில் ஒன்றை நிரப்பியது. புது உதவிப் பேராசிரியை வந்தார். கதவு திறந்ததும் முதலில் வயிறு வந்தது, பின்னால் அவர். பணியில் சேர்ந்த கையோடு மகப்பேறு விடுப்புக்கு மனு கொடுத்தார். எனக்கு வந்த கோபத்துக்கு அளவில்லை. ஆனால் அந்தப் பெண் வீங்கிய காலோடு நிற்பதைப் பார்த்ததும் நாற்காலியை இழுத்துப் போட்டுவிட்டேன். ஏழுமலையின் துண்டில் சாய்ந்துகொண்டு அவர் சொன்னார்: "சாரி மேடம். இந்த போஸ்ட்டுக்குக் காத்திருந்ததுல கல்யாணமே லேட்டாச்சு. குழந்தையையும் காத்திருக்கச் சொல்ல முடியல."

கையெழுத்து

லீவு மனுவோடு நேராக டீனிடம் போனேன். "போஸ்ட் நிரம்பிடுச்சு சார்" என்றேன். புது டாக்டர் விடுப்பில் போனாலும், தாள்படி துறையில் நாங்கள் இரண்டு பேர். கொடுத்த வாக்கும் அவருடையது. கையெழுத்துப் போட்டார்.

பேத்தியை முதலில் கையில் வாங்கியது நான்தான். சந்தோஷத்தில் அழுதுவிட்டேன். கண்ணைத் துடைப்பதற்குள் ஏழுமலையிடமிருந்து போன். "பேத்தியா மேடம்? ரொம்ப சந்தோசம். இங்க டீன் ஐயாவே கிளாஸ் எடுத்துகினு கீறாரு. உங்க வக்கீல் நம்பரு கேக்குறாரு, குடுக்கட்டா?"

கொடுக்கச் சொன்னேன். எங்கள் தொழிலில் காலியிடம் என்பது, அந்த வேலை தன் தலையில் வந்து விழும்வரை யார் கண்ணுக்கும் தெரியாது.