அம்மா கண் திறந்த ஞாயிறு

பிரியமானவர்களே, பதினைந்து வயதில் நான் என் அம்மாவைப் பார்த்து வெட்கப்பட்டேன். அந்தப் பாவத்தைச் சொல்லாமல் தேவன் செய்த நன்மையை என்னால் சொல்ல முடியாது.

நாங்கள் இலங்கையில் ஓப்பநாயக்கவுக்கு மேலே ஒரு தேயிலைத் தோட்டத்தில், லயம் என்கிற வரிசை வீடுகளில் இருக்கிறோம். அம்மா கொழுந்து பறிக்கிறவர். ஒரு வெள்ளிக்கிழமை காலை நான் சாப்பாட்டை மறந்துவிட்டு பஸ்ஸுக்குப் போய்விட்டேன். அம்மா வேலைக்குப் போகிற கோலத்திலேயே, இடுப்பில் படங்கு என்கிற சாக்குத் துணி கட்டியபடி, பார்சலோடு ஓடி வந்தார். முந்தின நாள் டவுனிலிருந்து டியூஷனுக்கு வந்து, சொந்தக்காரர் வீட்டில் தங்கிவிட்டு என்னோடு பஸ்ஸுக்கு நின்ற தோழி கேட்டாள், “யாருடி அது?”

“எங்க லயத்துல ஒரு ஆள்.”

அம்மாவுக்குக் கேட்டுவிட்டது. பார்சலைக் கையில் கொடுத்துவிட்டுத் திரும்பி நடந்தார்.

பதினொரு மணிக்கு மாமா பள்ளிக்கூடத்துக்கு வந்தார். “அம்மாவுக்குக் குளவி கொட்டிருச்சு புள்ள. வா.”

ஆஸ்பத்திரியில் அம்மாவின் முகம் வீங்கி, கண்கள் மூடிக் கிடந்தன. மூச்சு இழுத்தது. தாதி சிங்களத்தில், “ஒயா கவுத?” என்று நான் யாரென்று கேட்டார். “துவ,” மகள் என்றேன்.

டொக்டர் மாமாவிடம், “இப்ப ஒன்னும் சொல்ல முடியாது,” என்றார். வராந்தாச் சுவரோரம் முழங்காலில் நின்றேன். ஜெபக் கூட்டத்தில் சொல்லும் ஒரு வார்த்தையும் வரவில்லை. “ஆண்டவரே, அம்மாகிட்ட நான் பேசணும். கூட்டிக்கிட்டுப் போயிடாதீங்க.” இதையே திரும்பத் திரும்பச் சொன்னேன். சனிக்கிழமையும் அப்படியே போனது. எனக்குப் பதில் இல்லை என்றே நினைத்தேன்.

ஞாயிற்றுக்கிழமை காலை அம்மா ஒரு கண்ணைத் திறந்தார். அழுதுகொண்டே எல்லாவற்றையும் சொல்லி மன்னிப்புக் கேட்டேன்.

“கேட்டுச்சு புள்ள,” என்றார். “மலையில ஏறுறப்போ அழுதுகிட்டேதான் ஏறுனேன். இப்ப அத விடு. கொஞ்சம் தண்ணி குடு.”

மருந்தும் இருந்தது, டொக்டர்மாரும் இருந்தார்கள், அவர்களுக்கும் நன்றி. ஆனால் அம்மாவோடு ஒரு தடவை பேசத்தான் கேட்டேன், தேவன் வருஷங்களையே கொடுத்தார். இப்போது எனக்குப் பத்தொன்பது வயது. இன்றும் அம்மாவோடு சண்டை வரும். ஆனால் மனத்தாங்கலோடு படுக்கப் போவதில்லை.

என் வயதுப் பிள்ளைகளே, வெட்கமோ கோபமோ, உள்ளதை அப்படியே அவரிடம் சொல்லுங்கள். அழகான வார்த்தை தேட வேண்டாம். அழுகையையும் அவர் ஜெபமாகக் கேட்பார்.