கன்ரீன் கதவுக்கு ஒன்பது காலடி

டெனிஷ் நகரமான ஒடென்சேயில் முதியோர் பராமரிப்பில் இருபத்தேழு வருடம் வேலை செய்துவிட்டுப் போன வருடம்தான் ஓய்வு பெற்றேன். இத்தனை வருடத்தில் நான் செய்த மிகப் பெரிய பிழையை என் இரண்டு விரல்களால் செய்தேன். யாரையும் அடிக்கவில்லை, மருந்தை மாற்றிக் கொடுக்கவில்லை. அன்பாகத்தான் செய்தேன், அதனால்தான் அது பிழை என்று எனக்கே தெரியவில்லை. எங்கள் தமிழ்ப் பிள்ளைகள் இப்போது நிறையப் பேர் இந்த வேலைக்கு வருகிறார்கள். அவர்களுக்காகவே எழுதுகிறேன். டெனிஷிலும் ஆங்கிலத்திலும் நடந்த கதைகளை எங்கள் பேச்சிலேயே தருகிறேன், குறை பிடிக்க வேண்டாம்.

1. கடிதத்தில் சாக மாட்டாதவர்

கடைசி எட்டு வருடம் நான் கொம்யூனின், அதாவது நகரசபையின், மீள்பயிற்சி நிலையம் ஒன்றில் இருந்தேன். விழுந்து இடுப்பு முறிந்தவர்கள், பாரிசவாதம் வந்தவர்கள் ஆஸ்பத்திரியிலிருந்து நேரே எங்களிடம் வருவார்கள். சில வாரம் பயிற்சி எடுத்து வீட்டுக்குப் போவார்கள். அப்படித்தான் ஒரு ஜனவரியில் ஜீன் வந்தார். எழுபத்தாறு வயது. சைக்கிளிலிருந்து விழுந்து இடுப்பில் ஆணி வைத்திருந்தார்கள்.

எங்கள் பிசியோ கிர்ஸ்தன் காதோடு சொன்னாள்: "ரஞ்சினி, இவ இங்கிலாந்தில பேர்போன நடிகை."

நான் சினிமா என்று நினைத்து வாயைப் பிளந்தேன். பிறகுதான் தெரிந்தது, தொலைக்காட்சித் தொடர். என் உற்சாகம் அப்படியே வடிந்துவிட்டது. என் வீட்டுக்காரர் பின்னேரமானால் சீரியலுக்கு முன்னால் குந்திவிடுவார். மாமியார் மருமகளை முறைக்கிற முறைப்பை மூன்று கோணத்தில் காட்டுவார்கள், இவர் கண்வெட்டாமல் பார்ப்பார். சீரியலில் நடிப்பதும் ஒரு நடிப்பா என்பதுதான் என் எண்ணம்.

உடுப்புகளை அலுமாரியில் அடுக்கும்போது ஜீன் கேட்ட முதல் கேள்வி இது: "ஏழு கிழமையில நான் தடியில்லாமல் ஒன்பது அடி நடக்கவேணும். ஏலுமோ?"

"ஏன் ஒன்பது?" என்று கேட்டேன்.

ஐம்பது வருடத்துக்கு மேலாக ஒரே தொடரில் கிளெரிஸ் என்ற பெண்ணாக நடித்தவர் ஜீன். பஸ் டிப்போவில் கன்ரீன் நடத்துகிறவள் கிளெரிஸ். அந்தப் பாத்திரத்தை முடித்துவைக்கத் தீர்மானித்துவிட்டார்கள். கடைசிக் காட்சியை எழுதியாயிற்று. கன்ரீனைப் பூட்டுகிற நாள். ஒரு கையில் சாவிக்கொத்து, மறு கையில் அவள் இத்தனை வருடம் தேநீர் ஊற்றிய கேத்தில். மேசையடியிலிருந்து கதவு வரை நடந்து, திரும்பி ஒருதரம் பார்த்துவிட்டு வெளியே போகவேண்டும். பேச்சே இல்லை, ஒன்பது காலடி மட்டும்.

"உங்களால வர ஏலாட்டி?"

"வேறொருத்தர் ஒரு கடிதம் வாசிப்பாராம். கிளெரிஸ் ஸ்பெயினுக்கு விடுமுறையில போன இடத்தில செத்துப்போனா எண்டு. ஐம்பது வருசம் தேத்தண்ணி ஊத்தினவளை அரைப்பக்கக் கடிதத்தில முடிக்கிறதோ? அவள் ஸ்பெயினுக்குப் போகவே மாட்டாள். அவளுக்கு வெயில் ஒத்துக்கொள்ளாது."

தனக்கு நடந்த அநியாயத்தைப் போலவே சொன்னார். எனக்குச் சிரிப்பு வந்தது. அடக்கிக்கொண்டேன்.

"தடியோட நடக்கிற மாதிரி மாத்தி எழுதச் சொல்லலாம்தானே?" என்றேன்.

"தடி பிடிச்சா கேத்திலை எந்தக் கையில பிடிக்கிறது?"

நான் அடுத்த சட்டையை எடுத்து அலுமாரியில் மாட்டினேன்.

2. ஹோல்கரின் காப்பி

காலையில் குளிக்க வார்க்கும்போதும் காலுறை போடும்போதும் ஜீன் கதை சொல்வார். இருபத்துநான்கு வயதில், பஸ் பிந்தி வந்ததென்று சண்டை பிடிக்கிற ஒரு பெண்ணாக மூன்று கிழமைக்கு மட்டும்தான் அவரை எடுத்தார்களாம். அந்தச் சண்டை சனங்களுக்குப் பிடித்துப்போய், அவளைக் கன்ரீனில் வேலைக்கு வைத்தார்கள். பிறகு கன்ரீனே அவளுடையதாகிவிட்டது. நடுவில் ஒரு டெனிஷ் கப்பல் பொறியியலாளரைக் கலியாணம் செய்து ஒடென்சேக்கு வந்தார். வார நாட்களில் இங்கிலாந்தில் படப்பிடிப்பு, சனி ஞாயிறு இங்கே வீடு. கணவர் இறந்த பிறகும் இந்த ஊரை விடவில்லை.

"சினிமாக்காரர் ஒரு நாளைக்கு ரெண்டு பக்கம் எடுப்பினம். நாங்கள் இருபது. பிழைச்சா அழுகிறதுக்கு நேரமில்லை, அடுத்த காட்சிக்கு ஆக்கள் வரிசையில நிப்பினம்" என்றார்.

கிளெரிஸ் ஒரு களவை மறைத்த வாரம் சந்தையில் ஒரு பெண் ஜீனின் கன்னத்தில் அறைந்தாளாம். இன்னொருத்தி கன்ரீனில் வேலை கேட்டு ஒவ்வொரு வருடமும் கடிதம் போட்டாளாம். ஜீன் அத்தனைக்கும் பதில் எழுதியிருக்கிறார், இடம் காலியில்லை என்று.

இதெல்லாம் காதில் பூச்சுற்றுகிற கதை என்றுதான் நினைத்தேன். ஒருநாள் பின்னேரம் மண்டபத்தில் ரோலேற்றர் என்ற சில்லு வைத்த நடைதாங்கியைப் பிடித்தபடி நின்ற ஜீனிடம் குறும்பாகக் கேட்டேன்: "எங்க, கிளெரிஸை ஒருக்கால் காட்டுங்கோ பாப்பம்."

ஜீன் மேசையில் கிடந்த துடைக்கிற துணியை எடுத்தார். உதட்டின் ஒரு பக்கத்தைச் சற்று இறுக்கினார், மணிக்கட்டைத் தளர்த்தினார். அவ்வளவுதான். மேசையைத் துடைக்கத் தொடங்கினார். சத்தியமாகச் சொல்கிறேன், அங்கே ஜீன் இல்லை. விடியற்காலையில் எழும்பி, கால்நோவோடு, எல்லோருக்கும் விருப்பமானது எது என்று தெரிந்த ஒரு பெண் நின்றாள்.

அந்த மேசையில் ஹோல்கர் என்ற கிழவர் இருந்தார். ஒரு சொல் ஆங்கிலம் தெரியாது, அந்தத் தொடரைப் பார்த்ததும் இல்லை. யாரோடும் முகம் கொடுத்துப் பேசமாட்டார். அவர் தன் கோப்பையைத் துணிக்குப் பக்கத்தில் தள்ளிவைத்துவிட்டு டெனிஷில் சொன்னார்: "எனக்கு ஒரு காப்பி. வழக்கமான மாதிரி."

என் கை மயிர் எழும்பி நின்றது. பாவிப் பெண்ணே, இத்தனை நாள் யாரை நீ சீரியல்காரி என்று நினைத்தாய் என்று என்னையே கேட்டேன்.

3. இரண்டு விரல்கள்

இந்த வேலையில் டெனிஷ்காரர் முதலில் சொல்லித்தரும் சட்டம் ஒன்று உண்டு: கைகள் முதுகுக்குப் பின்னால். ஒருவர் தன் சட்டைப் பொத்தானைப் பூட்டப் பத்து நிமிடம் எடுத்தாலும் நாங்கள் பூட்டிவிடக்கூடாது. பக்கத்தில் நிற்கலாம், வழி சொல்லலாம். அவருடைய வேலையை அவரே செய்யவேண்டும்.

எங்கள் ஆட்களுக்கு இது தலைகீழ்ப் பாடம். வயதானவர் எழும்பினால் கை கொடுப்போம். அவர் தடுமாறும்போது கையைக் கட்டிக்கொண்டு நின்றால் திமிர் பிடித்தவர் என்பார்கள். தொடக்கத்தில் எனக்கும் உள்ளங்கை அரிக்கும். வருடங்கள் போகப் பழகிவிட்டது. நூற்றுக்கணக்கான பேருக்கு அந்தச் சட்டத்தைக் காப்பாற்றியிருக்கிறேன். ஜீனுக்கு மட்டும் காப்பாற்றவில்லை.

காரணம் வெட்கக்கேடானது. நான் அவருடைய ரசிகையாகிவிட்டேன்.

கிர்ஸ்தன் பெப்ரவரி விடுமுறையில் இரண்டு கிழமை போனாள். ஜீனை நடத்துவது பெரும்பாலும் என் பொறுப்பில் வந்தது. நிலையத்தின் உள் நடைபாதையில் நிலத்தில் நீல ஒட்டுநாடாவால் குறி வைத்தோம். குறித்த இடத்தில் சரியாக நிற்க ஜீன் தன் தொழில்முறையைச் சொல்லித்தந்தார். நடிகர்கள் முதலில் முடிவிடத்தில் நின்று, அங்கிருந்து தொடங்குமிடம் வரை எண்ணிக்கொண்டு போவார்களாம். எண்ணிக்கை காலுக்குத் தெரிந்துவிட்டால் பிறகு கண் நிலத்தைப் பார்க்காது. அவரால் அப்படிப் போக முடியாததால் அவருடைய காலடி அளவில் நான் எண்ணி ஒட்டினேன். சாவிக்கொத்துக்கு என் வீட்டுச் சாவி, கேத்திலுக்கு எங்கள் காப்பித் தேர்மோஸ்.

ஜீன் நடந்தார். நான் பக்கத்தில் போனேன். அவருடைய கம்பளிச் சட்டையின் தொங்கலான கைக்குக் கீழே, முழங்கையில், என் இரண்டு விரல்கள். பிடிக்கவில்லை, தொட்டுக்கொண்டுதான் போனேன். நானே அதை உதவி என்று கணக்கில் எடுக்கவில்லை. ஒருநாள் நான்கு அடி, பிறகு ஏழு. கிர்ஸ்தன் திரும்பி வருவதற்கு முதல்நாள் ஒன்பது! ஜீன் என்னைக் கட்டிப்பிடித்து அழுதார். நானும் அழுதேன். வீட்டுக்குப் போய் அவருக்கென்று றோல்ஸ் பொரித்தேன்.

மறுநாள் கிர்ஸ்தனுக்குக் காட்டினோம். முதல் அடியிலேயே அவள் சொன்னாள்: "ரஞ்சினி, கையை எடு."

எடுத்தேன். நான்காவது அடியில் ஜீனின் முழங்கால் மடிந்தது. தேர்மோஸ் விழுந்து உருண்டது. சுவரோரக் கம்பியைப் பிடித்ததால் ஜீன் விழவில்லை. காப்பி நடைபாதை முழுக்க ஓடியது.

கிர்ஸ்தன் என்னை அறைக்குள் கூப்பிட்டுக் கதவைச் சாத்தினாள். எனக்கு மகள் வயது அவளுக்கு. "நீ அவவுக்கு உதவி செய்யேல்லை. ரெண்டு கிழமை அவவின்ர காலைக் களவெடுத்திருக்கிறாய். இடுப்பு செய்யவேண்டிய வேலையை உன்ர விரல் செய்திருக்குது. இப்ப மிச்சம் இருக்கிறது பதினெட்டு நாள்."

அந்த மனுசி இரண்டு கிழமை உயிரைக் கொடுத்துப் பயிற்சி செய்ததெல்லாம் என் ஆசைக்குத்தான் தீனி போட்டிருக்கிறது. ஸ்பெயின் கடிதத்தை நானே எழுதிக் கையெழுத்தும் போட்டதுபோல் இருந்தது.

4. கமரா வேலை

ஜீனிடம் போய் மன்னிப்புக் கேட்டேன். வேறு ஆளைப் போடச் சொல்கிறேன் என்றேன்.

அவர் முகம் கறுத்துத்தான் இருந்தது. பிறகு, "எனக்கும் தெரிஞ்சிருக்கவேணும். நடக்கேக்க பயமே வரேல்லை. பயமில்லாத நடிப்பு எங்கயோ பிழைச்ச நடிப்பு" என்றார். "நீ போகவேண்டாம். ஆனா இனி நீ பக்கத்தில வரக்கூடாது. அந்தத் தொங்கலில போய் நில். நீதான் கமரா."

"கமரா என்ன செய்யவேணும்?"

"ஒண்டும் செய்யக்கூடாது. கமரா ஆருக்கும் கை குடுக்காது. ஆனா கண்ணை எடுக்கவும் மாட்டுது. உன்னால ஏலுமோ?"

ஏலும் என்றேன். ஏலாமல் பட்ட பாடு எனக்குத்தான் தெரியும். நடைபாதையின் மறு முனையில் கைகளை முதுகுக்குப் பின்னால் கோத்துக்கொண்டு நிற்பேன். ஜீன் வருவார். உதடு வெளுக்கும், கழுத்து நரம்பு புடைக்கும், சாவிக்கொத்து கிலுங்கும். மூன்றாவது அடியில் கம்பியைப் பிடிப்பார். திரும்பிப் போய் முதலிலிருந்து தொடங்குவார். ஒருநாளில் இருபது முறை. ஒவ்வொரு முறையும் கிளெரிஸ் கன்ரீனை விட்டுப் போகிற முகத்தோடுதான் வருவார். பயிற்சிதானே என்று ஒரு முறைகூட அந்த முகத்தைக் கழற்றி வைக்கவில்லை. இருபதாவது தடவையும் நான் கண்ணை எடுக்கவில்லை. எத்தனையோ பேரை நடக்கப் பழக்கியிருக்கிறேன், வேலை செய்வதென்றால் என்னவென்று அந்த நடைபாதையில்தான் கண்டேன்.

ஹோல்கர் தன் கதிரையை வாசலுக்கு இழுத்துவந்து போட்டுக்கொண்டு அவரும் பார்ப்பார்.

படப்பிடிப்புக்காக இங்கிலாந்துக்குப் புறப்படுவதற்கு முதல்நாள் காலையில் ஒன்பது அடியும் நடந்தார். கிர்ஸ்தன் இன்னொரு தடவை கேட்டாள். ஆறாவது அடியில் கால் மறுத்துவிட்டது. கிர்ஸ்தன் என்னைப் பார்த்தாள், நான் நிலத்தைப் பார்த்தேன்.

ஜீன் மட்டும் தேர்மோஸை மேசையில் வைத்துவிட்டுச் சொன்னார்: "ஒருக்கால் நடந்தாச் சரி. எங்களுக்கு ரெண்டாந்தரம் தாறேல்லை."

5. ஆறாவது அடி

கிளெரிஸின் கடைசிக் காட்சி வந்த பகுதி ஒளிபரப்பானபின் ஜீனின் மருமகள் பதிவை அனுப்பிவைத்தாள். ஒரு ஞாயிறு மத்தியானம். சமையலை அப்படியே விட்டுவிட்டு வீட்டுக்காரருக்குப் பக்கத்தில் போய் சோபாவில் இருந்தேன்.

"இஞ்சாருங்கோ, கதைக்காமல் பாருங்கோ" என்றேன்.

"சீரியல் பாக்கேக்க நான் எப்பவப்பா கதைச்சனான்?" என்றார் அவர்.

கன்ரீன் வந்தது. மேசைகளின் மேல் கதிரைகள் கவிழ்த்திருந்தன. ஒன்று மட்டும் நடுவில் நிலத்தில் நின்றது. கிளெரிஸ் கேத்திலை எடுத்தாள், சாவியை எடுத்தாள். நான் எண்ணினேன். ஒன்று, இரண்டு, மூன்று. கண் நிலத்துக்குப் போகவே இல்லை. நான்கு, ஐந்து.

ஆறு. உதட்டோரம் வெளுத்தது. இடுப்பு போகிறது என்று எனக்குத் தெரிந்துவிட்டது.

"ஐயோ!" என்று கையை நீட்டிக்கொண்டு எழும்பிவிட்டேன்.

கிளெரிஸ் நின்றாள். சாவிக்கொத்து இருந்த கையை அந்தக் கதிரையின் முதுகில் வைத்தாள். யாரோ ஒருவர் தினமும் வந்து இருந்த கதிரை அது என்பதுபோல, அதன் மேல்விளிம்பைப் பெருவிரலால் ஒருதரம் தடவினாள். மூச்சு ஒன்று உள்ளே போய் வெளியே வந்தது. கேத்தில் கையைவிட்டு இறங்கவே இல்லை. பிறகு கையை எடுத்தாள். ஏழு, எட்டு, ஒன்பது. கதவடியில் திரும்பிப் பார்த்தாள். போய்விட்டாள்.

என் வீட்டுக்காரர் கண்ணைத் துடைத்தார். "அந்தக் கதிரையைத் தொட்டா பாரும்... அதுதானப்பா நடிப்பு" என்றார்.

பின்னேரம் ஜீனுக்கு ரெலிபோன் எடுத்தேன். "கதிரையைத் தொடச் சொல்லி எழுதியிருந்தவையோ?"

"இல்லை" என்றார் ஜீன். "விழப்போறன் எண்டு தெரிஞ்சுது. பிடிக்கிறதுக்கு வேற ஒண்டும் இருக்கேல்லை."

பிள்ளைகளே, எனக்குத் தெரிந்த பாடம் இவ்வளவுதான். ஒருவர் விழப்போகும் நேரத்தில் பிடிக்கத்தான் வேண்டும், அதற்குத்தான் சம்பளம். ஆனால் விழப்போகிறாரா, தன் கதிரையைத் தேடுகிறாரா என்று பார்க்க ஒரு மூச்சு நேரமாவது கையைப் பின்னால் வைத்திருங்கள். அதைப் பெரிய தத்துவமாக என்னால் சொல்ல முடியாது. அந்த ஞாயிற்றுக்கிழமை என் கை எவ்வளவு தூரம் நீண்டது என்பதை மட்டும் சொல்லலாம். அவ்வளவு பட்ட பிறகும் நீண்டது. அங்கே பக்கத்தில் நின்றிருந்தால் நிச்சயம் முழங்கையைப் பிடித்திருப்பேன். நல்ல காலம், எங்கள் இருவருக்கும் நடுவில் ஒரு கடல் இருந்தது.