பதினோரு மாசப் பலாப்பழம்

ஏற்காடு மலையில் நாகலூரில் பஸ் நிற்கும் இடத்தில், டீக்கடைக்கு அடுத்த ஒற்றை அறையில் ஒரு அக்கா வளையல் கடை போட்டாள். எண்பதுகளின் நடுவில் இருக்கும். எனக்குப் பதினைந்து வயது. அம்மா இறந்து ஒரு வருடம்கூட ஆகவில்லை. அப்பாவுக்கு எஸ்டேட்டில் காப்பிப் பழம் அரைக்கும் மெஷினில் வேலை. பகல் முழுக்க அந்த இரைச்சலில் நின்றுவிட்டு வருவதால் வீட்டுக்குள் சத்தமே ஆகாது அவருக்கு. அவரும் பேசமாட்டார். நானோ பேசாவிட்டால் வயிறு உப்பிவிடும் பிறவி. கோழியோடு பேசினேன், அடுப்போடு பேசினேன், ஞாயிற்றுக்கிழமை மாதா கோயிலில் ஜெபத்துக்கு நடுவே பேசி வெளியே அனுப்பப்பட்டேன்.

வளையல் கடை அக்காவிடம் என்னைக் கூட்டிப்போனது பக்கத்து ஊரான கொட்டச்சேட்டுப் பெண் ஒருத்தி. பள்ளியில் எனக்கு இரண்டு வகுப்பு மேலே படித்துப் பாதியில் நின்றவள். தாய் தகப்பன் இல்லாமல் சித்தப்பா வீட்டில் எச்சில் பாத்திரம் கழுவி வளர்ந்தவள். அவள் கையில் திடீரென்று ஒரு வாட்ச் வந்திருந்தது. மணி என்ன என்று கேட்டால் முள்ளைப் பார்த்துவிட்டு, "ஓடுது" என்பாள். அதற்கு மேல் பார்க்கத் தெரியாது. ஆனாலும் அந்தக் கையை வீசி அவள் நடந்த நடையைப் பார்த்து எனக்கு வயிறு எரிந்தது.

அக்கா முதல் நாளே என்னை முக்காலியில் உட்காரவைத்தாள். தலைவாரிவிட்டாள். நான் பேசப் பேச, "அப்பறம்? அப்பறம்?" என்று கேட்டாள். கணக்கில் நான் பெயிலானதைச் சொன்னபோது வாத்தியாரைத் திட்டினாள். அம்மா செத்த அன்று மழை பெய்ததைச் சொன்னபோது அவள் கண் கலங்கியது. அது நடிப்போ நிஜமோ, எனக்கு இன்றுவரை தெரியாது. "தங்கம், உனக்கு இருக்கற மூளைக்கு நீ இந்த மலையில இருக்க வேண்டியவளே இல்ல" என்றாள். அந்தப் பரீட்சையில் நான் நூற்றுக்கு எட்டு வாங்கியிருந்தேன். இருந்தும் நம்பினேன்.

ரிப்பன் வந்தது, மை வந்தது, வாசனைப் பவுடர் வந்தது. பிறகு சின்னச் சின்ன வேலைகள் வந்தன. ஒரு பொட்டலத்தைப் பக்கத்து எஸ்டேட்டில் ஒருவரிடம் கொடுத்துவிட்டு வரவேண்டும். "ஆஸ்துமாவுக்கு மூலிகை, தங்கம். ஊட்டுல சொல்லாத, கண்ணு பட்டுரும்" என்பாள். வீட்டில் யாரிடம் சொல்வது? கோழியிடமா? அந்தப் பொட்டலத்தை வாங்கிய ஆளுக்கு மூச்சிரைப்பே இல்லை என்பதும், மூலிகையைச் சுருட்டிப் பற்றவைத்துக் குடிக்கிறார் என்பதும் என் கண்ணில் படத்தான் செய்தன. அதைப் பற்றி யோசிக்க ஆரம்பித்தால் அந்த முக்காலியை இழக்க வேண்டியிருக்கும். அதனால் யோசிக்கவில்லை.

ஒரு நாள் அக்கா என்னைப் பெரிய வேலைக்கு உயர்த்தினாள். கடைக்குப் பின்னால் ஒரு பலாப்பழம் இருந்தது. காம்புப் பக்கம் வட்டமாக வெட்டி, சுளையெல்லாம் எடுத்துவிட்டு, உள்ளே மூலிகையைத் திணித்து, மறுபடியும் மூடிப் பலாப்பிசினால் ஒட்டியிருந்தார்கள். சேலம் பஸ் ஸ்டாண்டில் பச்சைத் துண்டு போட்ட ஒரு ஆள் வந்து, "பழம் என்ன விலை?" என்று கேட்பான். கொடுத்துவிட்டுத் திரும்ப வேண்டும். அவ்வளவுதான்.

"யூனிபாரம் போட்டுக்க தங்கம். பள்ளிக்கூடத்துப் புள்ளைய எவன் சோதிப்பான்?" என்றாள். ஒரே ஒரு சிக்கல். அந்தப் பழம் பஞ்சுபோல் லேசாக இருந்தது. அதனால் பாரம் தூக்குவதுபோல் நடிக்கக் கற்றுக்கொடுத்தாள். இடுப்பை ஒரு பக்கம் ஒடித்து, பல்லைக் கடித்து, நாலு அடிக்கு ஒருமுறை பெருமூச்சு விட்டுக் கடைக்குள்ளேயே நடந்து பழகினேன். கொட்டச்சேட்டுப் பெண் பக்கத்தில் நின்று, "இன்னும் கொஞ்சம் மூச்சு வாங்கு" என்றாள்.

குப்பனூர் வழியாகச் சேலம் போகும் காலை பஸ்ஸில் ஏறினேன். நான் படும் பாட்டைப் பார்த்த கண்டக்டருக்கு இரக்கம் வந்துவிட்டது. "குடு கண்ணு" என்று பழத்தை வாங்கி ஒரே மூச்சாக மேலே தூக்கினார். அது எதிர்பார்த்ததைவிட வேகமாக மேலே போய், பஸ் கூரையில் இடித்து, அவர் பின்பக்கமாக ஒரு வாழைத்தார்மேல் உட்கார்ந்தார்.

"என்ன கண்ணு, பழம் பஞ்சாட்டம் இருக்குது?"

"வெளஞ்ச பழமுங்க, காஞ்சிருச்சுங்க" என்று சொல்லிப் பழத்தைப் பிடுங்கி மடியில் வைத்துக்கொண்டேன்.

கொட்டச்சேட்டில் ஒரு பருத்த அம்மாள் குடையோடு ஏறி என் பக்கத்தில் உட்கார்ந்தார். சேலத்தில் பிரசவ ஆஸ்பத்திரி நர்ஸ். சொந்தக்காரர் வீட்டுக்கு வந்து திரும்புகிறார் என்பதை உட்கார்ந்த உடனே சொல்லிவிட்டார். என்னைப் போலவே பேசாமல் இருக்க முடியாதவர்.

"பழம் ஆருக்குங் கண்ணு?"

சும்மா இருந்திருக்கலாம். ஆனால் கேட்டால் பதில் சொல்லாமல் எனக்கு இருக்கவராது.

"எங்க அக்காளுக்குங்க. மாசமா இருக்குதுங்க. பலாப்பழந்தான் வேணும்னு ஒரே அழுவைங்க."

பஸ்ஸில் இருந்த பெண்கள் எல்லாம் திரும்பினார்கள். மாசமா இருப்பவள் பலாப்பழம் தின்னலாமா கூடாதா என்று முன் சீட்டுக்கும் பின் சீட்டுக்கும் சண்டை மூண்டது. சூடு என்றார் ஒருவர். நான் நாலு பிள்ளைக்கும் தின்றேன் என்றார் இன்னொருவர். நர்ஸ் அம்மா கையமர்த்தி, "எத்தன மாசங் கண்ணு?" என்று கேட்டார்.

பஸ் ஒரு வளைவில் சாய்ந்தது. பழத்தைப் பிடிப்பதிலேயே கவனமாக இருந்தேன். வாய் தானாகச் சொல்லிற்று: "பத்து முடிஞ்சு பதினொண்ணு நடக்குதுங்க."

சண்டை போட்டவர்கள் அதை விட்டுவிட்டு விரல்விட்டு எண்ண ஆரம்பித்தார்கள்.

"பதினொண்ணா?" நர்ஸ் அம்மா குடையை ஊன்றி எழுந்தேவிட்டார். "ஆஸ்பத்திரிக்குக் காட்டுனீங்களா?"

"இல்லீங்க."

"ஐயோ சாமி! இப்பவே நான் வந்து பாக்கறேன். ஊடு எங்க?"

அடிவாரச் செக்போஸ்ட்டில் பஸ் நின்றபோது ஒரு காவலர் ஏறிப் பழத்தை மோந்து பார்க்கக் குனிந்தார். அவரை நர்ஸ் அம்மாவே விரட்டினார். "அது மாசமா இருக்கற புள்ளைக்குப் போறதுங்க, கண்ணு வெக்காதீங்க!" காவலர் மன்னிப்புக் கேட்டுக்கொண்டு இறங்கினார்.

சேலம் பஸ் ஸ்டாண்டில் நான் நர்ஸ் அம்மாவோடும், என்ன ஆகிறது என்று பார்க்கக் கூடவே வந்த மூன்று பெண்களோடும் இறங்கினேன். பச்சைத் துண்டு நேராக என்னை நோக்கி வந்தது. அவன் வாயைத் திறக்குமுன் நர்ஸ் அம்மா முந்திக்கொண்டார்.

"நீதான் புருசனா?"

அவன் விழித்தான். "ஆருங்க?"

"பதினோரு மாசமாச்சு, பொண்டாட்டிய ஒரு டாக்டர்கிட்டக் காட்ட உனக்கு நேரமில்ல, பலாப்பழம் கேக்குதா?"

"எனக்கு இன்னும் கல்யாணமே ஆகலீங்க!"

அவன் சொன்னது நிஜமாகத்தான் இருக்கும். ஆனால் அந்த இடத்தில் சொல்லியிருக்கக் கூடாது. "கல்யாணமே ஆகலியா!" என்று மூன்று பெண்களும் ஒரே குரலில் கத்தினார்கள். கூட்டம் கூடியது. தூரத்தில் ஒரு போலீஸ்காரர் என்ன என்று திரும்பிப் பார்த்தார். பச்சைத் துண்டு ஒரு செருப்பை விட்டுவிட்டு ஓடியது.

கூட்டம் கலைந்த பின் நர்ஸ் அம்மா என்னை ஒரு பெஞ்சில் உட்காரவைத்தார். பழத்தைத் தூக்கிப் பார்த்தார். மோந்து பார்த்தார். காம்பைச் சுற்றி ஒட்டியிருந்த பிசினைக் குடை நுனியால் கீறிப் பார்த்தார். எனக்கு அப்போதுதான் பயம் வந்தது.

"கண்ணு, உனக்கு அக்கா இருக்குதா?"

"இல்லீங்க."

"இது பழமா?"

"அதும் இல்லீங்க" என்று சொல்லி அழ ஆரம்பித்தேன். அழுகையோடு அழுகையாக எல்லாவற்றையும் கொட்டினேன். அவர் திட்டவில்லை. "உள்ள புடிச்சுப் போட்டா உன்னையத்தான் போடுவாங்க. பழத்தக் குடுத்தவ வளையல் வித்துட்டு இருப்பா" என்று மட்டும் சொன்னார். பிறகு பழத்தை எடுத்துக்கொண்டு நேராகப் போலீஸ்காரரிடம் போனார்.

"பஸ்ஸுல ஆரோ மறந்து வுட்டுட்டுப் போயிட்டாங்க. நீங்களே வெச்சுக்கங்க."

அவர் சந்தோஷமாக வாங்கிக்கொண்டார். நாங்கள் திரும்பிப் பார்க்காமல், ஓடாமல், ஆனால் ஓடுவதற்கு மிக நெருக்கமான வேகத்தில் நடந்தோம்.

நர்ஸ் அம்மா என்னோடு மலைக்கே திரும்பி வந்து, அப்பாவிடம் எல்லாவற்றையும் சொன்னார். அப்பா பெல்ட்டைத் தேடுவார் என்று நான் சுவர் ஓரமாக நின்றேன். அவர் கடைசிவரை கேட்டுவிட்டு, "இவ இவ்வளவு பேசுவாளுங்களா?" என்றார். பிறகு முகத்தைத் துண்டால் மூடிக்கொண்டார்.

மறுநாள் பள்ளிக்கூடத்துப் பாதையில் அக்கா நின்றாள். 'தங்கம்' என்ற கொஞ்சல் எல்லாம் போய்விட்டிருந்தது.

"சரக்கு எங்கடி?"

"போலீஸ்கிட்டக் குடுத்துட்டேனுங்க."

நான் உள்ளதைத்தான் சொன்னேன். அவள் முகம் வெளுத்துவிட்டது. உன்னையும் உங்கப்பனையும் சும்மா விடமாட்டேன் என்று என் கையை முறுக்கினாள். ஆனால் சாயங்காலம் கடை பூட்டியிருந்தது. வளையல்கள்கூட உள்ளேயே தொங்கின. அப்பா பல வாரங்கள் காப்பிச் செடி வெட்டும் கவாத்துக் கத்தியோடு கதவோரம் படுத்தார். யாரும் வரவில்லை. சொன்னால் வெட்கம், அந்த நாட்களில் எனக்கு அக்காவின் முக்காலியை நினைத்து ஏக்கமாகவே இருந்தது.

கொட்டச்சேட்டுப் பெண்ணும் அன்று முதல் காணோம். அக்காவோடு போய்விட்டாள் என்றார்கள். எங்கேயோ ஒரு ரயில்வே ஸ்டேஷனில் மூலிகை திணித்த தலையணையோடு பிடிபட்டாள், பெண்கள் இல்லத்தில் போட்டுவிட்டார்கள் என்று பிறகு செய்தி வந்தது. அவளுடைய சித்தப்பா போய்ப் பார்க்கவில்லை.

தொண்ணூறுகளில் ஒரு கோடையில் அவளை ஏற்காடு பஸ் ஸ்டாண்டில் பார்த்தேன். தையல் வேலை செய்வதாகச் சொன்னாள். "நீ மட்டும் எப்படிப் புள்ள தப்பிச்ச?" என்று கேட்டாள். முழுக்கதையையும் சொன்னேன். பதினொண்ணு நடக்குதுங்க என்ற இடத்தில் அவள் என் தோளில் சாய்ந்து சிரித்தாள், கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தாள்.

பிறகு முந்தானையால் துடைத்துக்கொண்டு, "நானும் எத்தனையோ தடவ போனேன். எம்பக்கத்துல ஆரும் ஒரு வார்த்த கேக்கவே இல்ல புள்ள" என்றாள்.

அவளுடைய பஸ் வரும்வரை பக்கத்திலேயே உட்கார்ந்திருந்தேன். பஸ் வந்ததும் அவள் பையை வாங்கிக்கொண்டு, ஜன்னல் ஓரமாக அவளுக்கு இடம் பிடிக்க முதலில் நான் ஏறினேன்.